பிணத்தின் மூச்சு

நான்காவது தடவையும் பிணம் மூச்சு விட்டுவிட்டது.

“நிறுத்துங்க,” என்றார் இயக்குநர் மால்கம். குரலில் கோபம் இல்லை. அதுதான் கவலை தந்தது. “லயனல், உங்க வயிறு ஏறி எறங்குது. செத்தவர் அப்படிச் செய்யமாட்டார்.”

“மன்னிச்சிருங்க,” என்றது பிணம்.

இங்கிலாந்தின் ஹாரோகேட் ஊருக்கு வெளியே, தொலைக்காட்சித் தொடருக்காக வாடகைக்கு எடுத்திருந்த பழைய மாளிகையின் நூலக அறை. காலை எட்டு மணியிலிருந்து லயனல் பார்ஃபிட் அதன் கம்பளத்தில் மல்லாந்து கிடந்தார். வயது எழுபத்தொன்று. நாற்பத்தாறு வருடங்களில் கான்ஸ்டபிள், பாதிரியார், ஸ்டேஷன் மாஸ்டர், கதவைத் திறந்துவிடும் பட்லர் எல்லாம் ஆகிவிட்டார். ரயிலில் எதிரே உட்காருகிறவர்கள், “உங்கள எங்கயோ பாத்திருக்கேனே, எங்க ஊர் தபாலாபீஸ்லயா?” என்பார்கள். ஆமாம் என்று சொல்லிவிடுவார்.

இப்போது கிடைத்திருக்கும் வக்கீல் வேடம் வேறு மாதிரி. முதல் காட்சியிலேயே கொலையாகிறார். ஆனால் தொடரின் மிச்சமுள்ள ஐந்து வாரமும் பிறருடைய நினைவுகளில் வந்து பேசுகிறார். கடைசி வாரத்தில் இரண்டு முழுப் பக்க வசனம். லயனலுக்கு யாரும் இதுவரை இரண்டு பக்கம் கொடுத்ததில்லை. செத்தவர் முகமும் நினைவில் வருகிறவர் முகமும் ஒன்றாக இருந்தாக வேண்டும் என்பதால், சாகத் தெரியாவிட்டால் அந்தப் பக்கங்களும் போய்விடும். ஜன்னலோரம் மால்கம் உதவியாளரிடம் முணுமுணுத்தது பிணத்தின் காதில் விழுந்திருந்தது: “மத்தியானச் சாப்பாட்டுக்குள்ள சரியா வரலேன்னா வேற ஆளப் பாத்துருவோம்.”

கேமரா துப்பறியும் நாயகனின் பின்னாலேயே வாசலிலிருந்து வந்து, அறையைச் சுற்றி, எங்கும் வெட்டாமல் எழுபது வினாடி ஓடும். முதல் தடவை எல்லோரும் செய்யும் தப்பைத்தான் லயனலும் செய்தார்: நெஞ்சு நிறைய இழுத்து அடக்கினார். நிறைந்த நெஞ்சு பீப்பாய் மாதிரி நிற்கும். இதயம் ஓங்கி அடிக்கும், கழுத்து நரம்பு துள்ளும். அடுத்த தடவை பாதியை வெளியே விட்டுவிட்டு அடக்கினார். நரம்பு அடங்கியது, ஆனால் முப்பத்தைந்தாவது வினாடியில் வயிறு தானாகவே வெட்டி இழுத்தது. மெல்ல மெல்ல விட்டுப் பார்த்தபோது கோட்டின் பைக்கடிகாரச் சங்கிலி வெளிச்சத்தில் மினுக்கிக் காட்டிக்கொடுத்தது. நான்காவது தடவை மூச்சை முதுகுப் பக்கமாகத் தரையில் இறக்கப் பார்த்தார். வயிறு கேட்கவில்லை.

தேநீர் இடைவேளை. ரத்தச் சாயம் கலைந்துவிடும் என்பதால் அவர் எழுந்திருக்க முடியாது. ஒப்பனைக்கார டோரீன் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, உறிஞ்சு குழலில் தேநீர் கொடுத்தாள். இருபது வருடப் பழக்கத்தில் அவருக்கு ஒன்பது மீசை ஒட்டியவள்.

“ஆடாத கண்ணு, காதுல சாயம் இன்னும் காயல.”

“டோரீன், என்னையே பாரு. மூச்சு விடுறது தெரிஞ்சா ‘இப்ப’ன்னு சொல்லு.”

“நாப்பது வருஷமா ஊரே உன்னப் பாக்கல, நான் மட்டும் பாக்கணுமாக்கும்?” என்றாள். ஆனாலும் பார்த்தாள். “இப்ப... இப்ப... தோ, இப்ப.” ஒன்றையும் தவறவிடவில்லை.

விளக்குக்கார ஸ்டான் தோளில் கேபிள் சுருளோடு வந்து, லயனலின் காதருகே பூட்ஸை ஊன்றி நின்றான். “என்ன டோரீன், பொணத்துக்குக் காவலா? கேன்டீன்ல சாஸேஜ் ரோல் ரெண்டுதான் மிச்சம். ரெண்டையும் நம்ம ஹீரோ ராட்னி முழுங்கிட்டாரு!”

“துப்பறியிற மூளைக்குத் தீனி வேணாமா?” என்று சிரித்தாள் டோரீன்.

ஸ்டான் போனதும் குனிந்தாள். “அட! ஒரு தடவைகூட விடலயே. எப்படிப்பா செஞ்ச?”

லயனல் ஆறு முறை மூச்சு விட்டிருந்தார். எண்ணிக்கொண்டுதான் இருந்தார். அவளுடைய கண்ணெதிரேதான் கிடந்தார். அவள் பார்த்ததோ பேசிக்கொண்டிருந்த ஸ்டானின் வாயை.

இது அவருக்குத் தெரியாத விஷயம் இல்லை. நாயகன் பேசும்போது பின்னால் நின்றபடி இருமலை விழுங்கியிருக்கிறார், விக்குக்குள் சொறிந்திருக்கிறார், ஒருமுறை பாட்டுப் புத்தகத்துக்குப் பின்னால் சாண்ட்விச்சே தின்றிருக்கிறார். எவரும் கண்டதில்லை.

“உன் புருவப் பென்சிலக் குடு,” என்றார். படுத்தபடியே வசனத் தாளை வாங்கி, ராட்னி பேசும் இடங்களில் கோடு போட்டார். பேச்சு இல்லாத பெரிய இடம் ஒன்றுதான்: துப்பறிபவர் மண்டியிட்டுப் பிணத்தின் முகத்தைப் பார்க்கும் இடம்.

“ராட்னி, அங்க எவ்வளவு நேரம் பேசாம இருப்பீங்க?”

வாயோரம் துகளைத் துடைத்துக்கொண்டே வந்த ராட்னி, “அது உணர்ச்சியப் பொறுத்தது, பெரியவரே,” என்றார்.

“உணர்ச்சிய இருபது வினாடிக்குள்ள முடிச்சுக்குங்க. தாண்டுச்சுன்னா நான் எந்திரிச்சு உக்காந்துருவேன்.”

ஐந்தாவது தடவை. ராட்னி வாசலில் பேசினார். லயனல் மூச்சு விட்டார். மேசையருகே பேசினார், விட்டார். பிறகு மண்டியிட்டார். அறை அமைதியானது. மால்கம், ஸ்டான், டோரீன், கேமரா எல்லாம் பிணத்தின் முகத்தையே பார்த்தன. லயனல் எண்ணினார். பதினேழு. பதினெட்டு. பத்தொன்பது.

ராட்னி வாயைத் திறந்தார். எல்லாக் கண்களும் அந்த உதடுகளுக்குப் போயின. லயனலின் வயிற்றின்மேல் கடிகாரச் சங்கிலி நிதானமாக எழும்பி, மினுக்கி, இறங்கியது.