கழிப்பறைச் சாவி

வியாழக்கிழமை காலை ஐந்து ஐம்பது. தறிக்கூடத்து வாசலில் ரெபேக்காள் கணவனின் சாப்பாட்டுப் பைக்குள் சின்ன மருந்து பாட்டிலைச் செருகினாள். பகல் வேளைக்கான சிரப். வீட்டிலேயே அளந்து ஊற்றியிருந்தாள்.

"மறக்காமக் குடிச்சிருங்க. பாட்டிலத் தொலைச்சிராதிய. முந்தாநாளும் நேத்தும் தொலைச்சாச்சு."

ஜெயசிங் தலையாட்டினார்.

ஈரல் கெட்டு ஆறு மாதமாகிறது. திருநெல்வேலி டாக்டர் பொறுமையாகத்தான் சொல்லியிருந்தார். சாப்பாடு செரிக்கும்போது குடலில் அம்மோனியா உண்டாகும். நல்ல ஈரல் அதை மாற்றிச் சிறுநீரில் அனுப்பிவிடும். இவருக்கு அது ரத்தத்தில் தங்கி மூளைக்கு ஏறுகிறது. சிரப் குடித்து ஒரு நாளைக்கு மூன்று தடவையாவது வெளிக்குப் போனால் இறங்கும். போகாவிட்டால் கை நடுங்கும், கிழமை மறக்கும், பிறகு நினைவு தப்பும்.

தறிக்கூடத்தில் யாருக்கும் இது தெரியாது. போன வருஷம் இங்கே தறி ஓட்டிய மூக்காண்டிக்கு வலிப்பு வந்தது. மறுநாளிலிருந்து வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள்.

ஜெயசிங்குக்கு நான்கு விசைத்தறி. அதே கூடத்தின் மூலையில் ரெபேக்காள் தார் சுற்றினாள். குறுக்கே ஓடும் ஊடை நூலைக் குச்சிகளில் சுற்றித் தறிக்காரர்களுக்குக் கொடுக்கும் வேலை.

ஒன்பது மணிக்குத் தார்க்கூடையோடு போனாள். மூன்றாம் தறியில் சிவப்புச் சேலைக்குள் நான்கு விரற்கடைக்குப் பச்சை நூல் தப்பாக ஏறியிருந்தது. ஜெயசிங் அதைப் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு அறுந்த இழையைப் பிடிக்க, ஓடுகிற தறிக்குள் கையை நீட்டினார். மணிக்கட்டு தொய்ந்து விழுந்தது. நிமிர்ந்தது. மறுபடி விழுந்தது. ரெபேக்காள் கூடையைப் போட்டுவிட்டுத் தறியை நிறுத்தினாள்.

"ஏட்டி, இன்னிக்கு ஞாயித்துக்கிழமைல்லா?" என்றார். "கோயிலுக்குப் போவாம இங்கன என்ன செய்தோம்?"

அவள் சாப்பாட்டுப் பையைத் திறந்தாள். பாட்டில் நிறைவாக இருந்தது. அதற்கு அடியில், துண்டுக்குள் சுருட்டி, இன்னும் இரண்டு. அவையும் நிறைவாக இருந்தன.

"ஏன் குடிக்கல?"

அவர் யோசித்து யோசித்துச் சொன்னார். "குடிச்சா வெளிக்குப் போவணும். கருவேலங்காட்டுக்குப் போய்ட்டு வர இருவது நிமிசம். நாலு தறியும் நிக்கும்."

ஆபீஸை ஒட்டி டைல்ஸ் பதித்த கழிப்பறை ஒன்று இருந்தது. சேலை எடுக்க வரும் வியாபாரிகளுக்கு. அதன் சாவி மேஸ்திரி காசியிடம் இருக்கும்.

தறி நின்றதைக் கவனித்துக் காசி வந்தான். பச்சையைப் பார்த்தான்.

"என்ன அண்ணாச்சி, சேலைய விட்டுட்டுக் கொடி நெய்யுதியளோ?" ஜெயசிங்கின் கண்ணைக் குனிந்து பார்த்தான். "ராத்திரி தண்ணி கூடிப்போச்சோ?"

"கோயில்ல காணிக்கைத் தட்டு எடுக்குத ஆளு வே அவரு," என்றான் அடுத்த தறிக்காரன். இரண்டு பேர் சிரித்தார்கள். ஜெயசிங்கும் சிரித்தார்.

ரெபேக்காள் பையின் வாயை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

"ஆமா தம்பி," என்றாள். "கொஞ்சம் போட்டுட்டாவ. வயிறும் சரியில்ல. ஆபீஸ் கக்கூஸ் சாவியக் கொடுங்களேன். அவிய தறிய நான் பாத்துக்கிடுதேன்."

காசியின் முகம் தெளிந்தது. "அப்படிச் சொல்லுங்க. ஏதும் நோக்காடோன்னு பயந்துட்டேன்." சட்டைப்பையிலிருந்து சாவியை எடுத்தான். "மோர் வாங்கிக் கொடுங்க. சாயங்காலத்துக்குள்ள தெளிஞ்சிருவாவ."

அவரை நூல்மூட்டை மேல் உட்காரவைத்து சிரப்பைக் குடிக்கக் கொடுத்தாள். பிறகு மற்ற மூன்று தறிக்கும் தார்க்கூடைக்கும் நடுவே ஓடிக்கொண்டிருந்தாள். மதியத்துக்கு மேல் அவர் மூன்றாம் தறியருகே குனிந்து, பச்சை இழைகளை ஒவ்வொன்றாக உருவத் தொடங்கினார். நடுவில் எழுந்து எழுந்து போனார். மூன்றாவது தடவை திரும்பி வந்தபோது அவள் பக்கத்தில் நின்றார்.

"வியாழக்கிழமை," என்றார் மெதுவாக.

ஆறு மணிக்குத் தறிகள் நின்றன. ரெபேக்காள் சாவியை முந்தானையில் துடைத்துக் காசியிடம் நீட்டினாள். அவன் வாங்கிப் பையில் போட்டுக்கொண்டான்.

"ஒரு நாள்னா பரவால்ல, யக்கா," என்றான். "நாளைக்கும் இப்படித்தான் வருவாவளா?"