பதினோரு கோப்பைகள்

தாரியெலின் முகத்துக்கு விலை கிலோ நாற்பது கோபெக். வெட்டிய ஃபிலிமைக் கழுவி வெள்ளி எடுக்கும் ஆலை அந்தக் கணக்கில்தான் எடுத்துக்கொள்ளும். மொட்டைச் சுவரைப் படம்பிடித்த சுருளுக்கும் அதே விலை. திபிலீசி சந்தையில் கம்பளம் விற்றவரின் மகள் நான். சரக்கைப் பார்க்காமல் எடைபோட்டு வாங்குகிறவனை அப்பா வியாபாரி என்றே ஒப்புக்கொள்ளமாட்டார்.

தாரியெல் நடிகன். நாடகக் குழுவோடு பாரிஸ் போனவன் சோவியத் நாட்டுக்குத் திரும்பவில்லை. அவன் நடித்த பழைய படங்களையெல்லாம் பூட்டிவிட்டார்கள். முடியும் தறுவாயிலிருந்த இந்த ஒரு படத்திலிருந்து அவனை எடுத்துவிடச் சொல்லி என் எடிட்டிங் மேசைக்குத் தாள் வந்தது. பன்னிரண்டு வருடம் அவன் கண் இமைக்கும் இடம் பார்த்து வெட்டியவள் நான். வெள்ளைக் கையுறை மாட்டிக்கொண்டு முகம், முதுகு, குரல், சுவரில் விழுந்த நிழல் எல்லாவற்றையும் எடுத்தேன். இருநூற்றுப் பதினான்கு மீட்டர்.

படத்தில் அவன் விருந்துத் தலைவன். எங்கள் ஊரில் தலைவன் வாய் திறக்காமல் யாரும் கோப்பையைத் தூக்குவதில்லை. இப்போது அவன் இல்லை. மேசையைச் சுற்றிப் பதினோரு பேர் ஒரே பக்கம் பார்த்துச் சிரித்தார்கள், கண் கலங்கினார்கள். இந்த நாட்டில் அவனுக்கு மிச்சமிருந்த இடம் அந்தப் பார்வைதான்.

சினிமா கமிட்டி அதிகாரி ஷால்வா சுருளைப் பார்க்க வந்தார். திரையில் பதினோரு பேரும் சத்தமில்லாமல் எழுந்து நின்றார்கள். இறந்தவர்களை நினைத்து எழுந்து நின்று குடிக்கும் கோப்பை அது, எங்கள் ஊரில் யாரும் சொல்லத் தேவையில்லை. என் பக்கத்தில் ஷால்வாவும் பாதி எழுந்துவிட்டார். பிறகு கோட்டுப் பொத்தானைத் தடவிக்கொண்டே உட்கார்ந்தார்.

விளக்கு எரிந்தது.

"இந்த விருந்து மொத்தமும் போகணும், சிரானுஷ்."

"ஆள எடுக்கச் சொன்னீங்க, எடுத்தாச்சு. மத்தவங்க பாக்கறதயும் எடுக்கணும்னு தாள்ல எங்க இருக்கு?"

"யாரப் பாக்கறாங்கன்னு சின்னப் புள்ளைக்கும் தெரியும்."

"படம் இப்ப எழுபத்திமூணு நிமிஷம் ஐயா. விருந்து போனா அறுபத்தாறு. எழுபதுக்குக் கீழ போனா முழுநீளப் படமில்ல. வருஷத் திட்டத்துல ஒண்ணு குறையும். மேல பதில் சொல்றது நானா, நீங்களா?"

"சந்தைக்காரி புத்தி."

"சரி, ரெண்டு நிமிஷம் விட்டுத்தரேன். சிரிக்கறத எடுத்துக்குங்க. எழுந்து நிக்கறது இருக்கட்டும்."

தொப்பியை முழங்காலில் வைத்துத் திருப்பிக்கொண்டேயிருந்தார். "அந்த இடத்துல நான்..."

"பொத்தான்தான தேடினீங்க," என்றேன்.

தொப்பியைப் பக்கத்து நாற்காலியில் வைத்தார். பிறகு பேனாவைத் திறந்தார்.

மறுநாள் காலை வெட்டிய ஃபிலிம் மூட்டையை ஆலைக்காரர்கள் எடைபோட்டார்கள். இரண்டு கிலோ, எண்பது கோபெக். பதிவேட்டில் எழுதினேன்: வெட்டியது, விருந்தின் சிரிப்பும் சேர்த்து, இருநூற்று அறுபத்தொன்பது மீட்டர். ஒப்படைத்தது இருநூற்று அறுபத்தொன்பது. பாக்கிக் கட்டத்தில் ஒரு கோடு.

விருந்தில் நின்றவர்கள் திரும்ப உட்காரும் ஷாட்டில் மேசைமேல் தாரியெலின் கை இருந்தது. அதுவும் மூட்டைக்குள் போயிருந்தது. படத்தில் பதினோரு பேர், கோப்பையைப் பிடித்தபடி, நின்றுகொண்டே இருக்கிறார்கள்.