மேசையில் மூன்று தட்டு

என் கணவர் றெக்சனோடு காட் விளையாடுவதைப் போல எரிச்சல் பிடித்த வேலை திருகோணமலையில் வேறு இல்லை. அரசாங்கக் கச்சேரியில் வரிசையில் நிற்பதுகூட அதைவிடச் சுகம். அங்கே வரிசை எப்படியும் ஓரடியாவது நகரும்.

நான் சொல்வது முந்நூற்றிநாலு, ரம்மி போன்ற சீட்டாட்டம் அல்ல, மந்திரக் காட். ஆளுக்கு ஒரு கட்டுக் காட்டும் இருபது உயிரும். மந்திரங்களைப் போட்டு எதிராளியின் உயிரைக் கரைக்கவேண்டும். எந்த மந்திரத்தை எப்போது போடலாம் என்பதில்தான் முழு விளையாட்டும் கிடக்கிறது. சிலவற்றை நம்முடைய முறையில் மட்டுமே போடலாம், அதுவும் மேசையில் வேறெதுவும் தீராமல் கிடக்காதபோது. அவற்றை நாங்கள் ஆறின காட் என்போம். சிலவற்றை மற்றவருடைய முறையிலும், அவர் போட்ட காட்டின் மேலேயே போடலாம். அவை சூட்டுக் காட். கழுவி அடுக்கிய பீங்கான்களைப் போலத்தான் கணக்கு: கடைசியாக மேலே வைத்தது முதலில் எடுபடும். ஆகவே ஒரு காட்டைப் போட்டவுடன் அது வேலை செய்யாது. மற்றவர் அதன்மேல் எதையாவது போடப் போகிறாரா, இல்லை விடுகிறாரா என்று பார்த்திருக்கவேண்டும்.

றெக்சனுக்கு முன்னால் அப்படிப் பார்த்திருந்தே என் பாதி வயது போய்விட்டது. அவர் மீன்பிடித் துறைமுகத்தில் படகு எஞ்சின் திருத்துகிறவர். எஞ்சினை ஓடவிட்டுக் கால்மணி நேரம் காதைக் கொடுத்துக் கேட்ட பிறகுதான் ஸ்பானரைத் தொடுவார். நிலாவெளியிலிருந்தெல்லாம் அதற்காகவே அவரைத் தேடி வருகிறார்கள். எஞ்சினுக்கு அது சரி. நான் போட்ட காட்டையும் அதேபோலத் தலையைச் சரித்துப் பார்த்துக்கொண்டிருந்தால் மனுசிக்குப் பொறுக்குமா?

நானோ துறைமுகத்துக்குப் பக்கத்தில் கப்பல் சரக்குகளுக்கான ஒரு கிளியரிங் கந்தோரில் வேலை செய்கிறவள். ஒரு பத்திரத்தில் கையெழுத்து வைப்பதற்குள் அடுத்த பத்திரத்தை முகத்துக்கு நேரே நீட்டுவார்கள்.

அதனால் மூன்று வருடங்களுக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை நானே ஒரு சட்டம் போட்டேன். நாங்கள் விளையாடுவது உட்துறைமுக வீதியில் இருக்கும் பாயிஸின் ஃபோன் கடை மேல்மாடியில். காட்டைப் போட்டுவிட்டு மேசையில் விரலால் மூன்று தட்டு. மூன்றுக்குள் மற்றவர் வாய் திறக்காவிட்டால், விட்டார் என்று அர்த்தம். மௌனம் சம்மதம் என்று பெரியவர்களே சொல்லி வைத்திருக்கிறார்கள். நான் அதைக் கொஞ்சம் வேகமாக்கினேன், அவ்வளவுதான். எல்லாருக்கும் பிடித்துப்போனது. கிண்ணியாவிலிருந்து வருகிற பெடியன்களும் பழகிக்கொண்டார்கள். அன்றிலிருந்து என்னை வென்றவர்களை ஒரு கை விரலுக்குள் அடக்கலாம். றெக்சன் ஒருமுறைகூட வென்றதில்லை.

இந்த வருடம் கொழும்புச் சங்கம் தேசியப் போட்டிக்குத் திருகோணமலைக்கும் ஓர் இடம் ஒதுக்கியது. ஒரே ஓர் இடம். அது எனக்கு வேண்டும் என்று கேள்விப்பட்ட நிமிடத்திலேயே முடிவு செய்துவிட்டேன். முப்பத்தொரு வயதில் நான் எதிலும் முதலாவதாக வந்ததில்லை. பள்ளிக்கூடத்தில் ஓட்டத்தில் மூன்றாவது, கந்தோரில் பதவி உயர்வுப் பட்டியலில் எப்போதும் இரண்டாவது. இந்தக் காட்டில் மட்டும்தான் நான் கெட்டிக்காரி. அந்தப் போட்டி நடக்கிற கார்த்திகை மாதத்துக்கு லீவும் எழுதிக் கொடுத்துவிட்டேன். கந்தோரில் சொல்லாத ஆளும் இல்லை.

நடுவராகக் கொழும்பிலிருந்து பரீனா என்ற பெண் வந்திருந்தார். மெல்லிய குரல், கறுப்புக் கண்ணாடிச் சட்டம், கையில் அச்சடித்த விதிப் புத்தகம். தொடங்குமுன் எட்டுப் பேரையும் நிறுத்திச் சொன்னார்.

"இங்க வீட்டு விதி ஒண்டும் இல்ல. புத்தகத்துல உள்ளதுதான். ஒராள் காட் போட்டா, மத்தவர் விடுறேன்னு வாயால சொல்லணும். சொல்லும் வரைக்கும் அந்தக் காட் வேலை செய்யாது."

"ஓம், ஓம்," என்றேன் நான், காட்டைக் கலைத்துக்கொண்டே. கேட்டது காதுதான், மனம் முதல் ஆட்டத்தில் இருந்தது. அதிலும் அடுத்ததிலும் என் எதிராளிகள் பழகின ஆட்கள். இரண்டாவது தட்டிலேயே "விடுறன்" என்று சொல்லிவிட்டார்கள். ஒரு குறையும் வரவில்லை. மூன்று மணிக்கு இறுதி ஆட்டத்துக்குப் போய் உட்கார்ந்தால் எதிர்க் கதிரையில் றெக்சன். இந்த மனிதர் எப்படி இவ்வளவு தூரம் வந்தார் என்று யோசிக்க எனக்கு நேரமில்லை. வென்ற மாதிரித்தான் என்று நினைத்தேன்.

ஆட்டம் ஒரு மணி நேரம் இழுத்தது. பரீனா பக்கத்தில் நின்றதால் றெக்சன் ஒவ்வொரு காட்டுக்கும் ஆறுதலாக யோசித்தார். எனக்கு எரிச்சல் ஏறிக்கொண்டே போனது. கடைசியில் அவருக்கு நான்கு உயிர், எனக்கு மூன்று. அவருடைய அடுத்த முறையில் நான் முடிந்தேன். ஆனால் அது என் முறை. என் கையில் இரண்டு காட். ஒன்று பேரலை, ஐந்து உயிரை வாரிக்கொண்டு போகிற ஆறின காட். மற்றது நங்கூரம், ஒரு சூட்டுக் காட். பேரலையை யாராவது தடுக்கவோ திருப்பவோ பார்த்தால், அதற்கு மேலே நங்கூரத்தைப் போட்டால் போதும், அலை அசையாது. இரண்டையும் சேர்த்துப் பிடித்து வைக்க ஏழு முறை பொறுத்திருந்தேன். நான் ஏழு முறை பொறுத்தது உலக அதிசயம்.

மூன்றாமிடத்துக்கு விளையாடிக்கொண்டிருந்த மற்ற மேசையிலிருந்து யாரோ கூப்பிட, பரீனா அந்தப் பக்கம் போனார். நான் பேரலையை வைத்தேன். தட்டு, தட்டு, தட்டு. றெக்சன் தலையைச் சரித்துக் காட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"முடிஞ்சுது," என்றேன். அவருடைய நான்கு உயிரைக் காட்டிக்கொண்டிருந்த தாயக்கட்டையை எடுத்து ஓரமாக வைத்தேன். அவர் பார்த்துக்கொண்டிருந்த பேரலையை மட்டும் விட்டுவிட்டு, என் மற்றக் காட்டுகளையும் கையிலிருந்த நங்கூரத்தையும் சேர்த்து, கட்டோடு கட்டாக்கி இரண்டு தரம் கலைத்தேன். அது என் பழக்கம். வென்றதும் கட்டைக் கலைத்துவிட்டுத்தான் கை நீட்டுவேன்.

நீட்டிய கையை றெக்சன் தொடவில்லை.

"நான் விடேல்ல," என்றார்.

பாயிஸ் பரீனாவைக் கூப்பிட்டான். அவர் வந்து மேசையைப் பார்த்தார்.

"இவர் விடுறேன்னு சொன்னாரா?"

"மூண்டு தரம் தட்டினனான்," என்றேன். "இஞ்ச எங்கட வழக்கம் அதுதான். மூண்டுக்குள்ள சொல்லாட்டி விட்டதெண்டு எல்லாருக்கும் தெரியும். வேணுமெண்டா பாயிஸைக் கேளுங்கோ."

"காலையிலயே சொன்னேனே. இங்க அந்த வழக்கம் இல்ல. பேரலை இன்னும் மேசையிலதான் கிடக்கு, வேலை செய்யல்ல."

"அப்ப இவர் நாளை வரைக்கும் யோசிச்சாலும் நான் பார்த்துக்கொண்டு இருக்கோணுமா?"

"யோசிக்க நியாயமான நேரம் இருக்கு. கூடிப்போனா நான் சொல்லுவேன், நீங்க சொல்ல ஏலாது. நீங்க தட்டினதுக்கு நாலு செக்கனும் ஆகியிருக்காது."

எனக்குக் காது சுட்டது. சரி, அலை மேசையில் கிடக்கட்டும், நங்கூரம் இருக்கிறதே என்று கையைப் பார்த்தேன். கையில் ஒன்றுமில்லை.

"என்ர கையில ஒரு காட் இருந்தது," என்றேன். "நங்கூரம். கட்டுக்குள்ள போயிட்டுது. அதை எடுக்க விடுங்கோ."

பரீனா உண்மையிலேயே கவலைப்பட்டார். அது முகத்தில் தெரிந்தது. ஆனாலும் தலையை ஆட்டினார். "நீங்களாவே கட்டோட கலந்தது கட்டுதான். என்ன காட் இருந்ததுன்னு பார்த்தவங்க யாரும் இல்ல. மன்னிச்சுக்கோங்க."

அழுகை வரும் போலிருந்தது. அதைவிட யாரையாவது அடிக்கவேண்டும் போலிருந்தது. றெக்சன் மறுபடியும் யோசிக்கத் தொடங்கினார். கீழே வீதியில் மூதூர் பஸ் ஒன்று ஹோர்ன் அடித்துப் போனது. பிளேன்ரீ கொண்டுவந்த பாயிஸ் தட்டத்தோடு அப்படியே நின்றான். ஒன்றரை நிமிடம் இருக்கும். பிறகு றெக்சன் ஒரு காட்டை எடுத்துப் பேரலையின் மேல் மெதுவாக வைத்தார். எதிர்க்காற்று. போட்ட மந்திரத்தைப் போட்டவருக்கே திருப்புகிற சூட்டுக் காட்.

"மேல ஏதாவது போடுறீங்களா?" என்று பரீனா என்னைக் கேட்டார்.

வெறுங்கையை வைத்துக்கொண்டு எதைப் போடுவது? அந்தச் சொல்லை நானே என் வாயால் சொல்லவேண்டியிருந்தது.

"விடுறன்."

ஐந்து உயிரை வாரும் அலை மூன்று உயிர்க்காரி மேல் வந்து விழுந்தது. கொழும்புக்குப் போகிற இடம் றெக்சனுடையது.

"ஆக்கப் பொறுத்தீங்க, ஆறப் பொறுக்கேல்லயே அக்கா," என்றான் பாயிஸ். வேறு நாளென்றால் அவனுக்கும் இரண்டு பேச்சுக் கொடுத்திருப்பேன். அன்றைக்கு பிளேன்ரீயைக் குடிக்காமல் படியிறங்கி வந்துவிட்டேன்.

எங்கள் மோட்டார்சைக்கிள், கடைக்கு எதிரே மதில் நிழலில் நின்றது. றெக்சன் பின்னால் வந்து என் ஹெல்மெட்டை நீட்டினார். நான் வாங்கவில்லை.

"எதிர்க்காற்று எப்ப வாங்கினீங்கள்?"

"வாங்கேல்ல. முதல் வாங்கின கட்டுக்குள்ளயே இருந்தது."

"மூண்டு வருசமாவா?"

"ஓம்."

"ஒரு நாளும் போட்டு நான் காணேல்லயே."

"எத்தினையோ தரம் கையில வந்தது. எடுக்க முதல் நீர் தட்டி முடிச்சிடுவீர்."

மூன்று வருடங்களில் நான் அவரை வென்ற ஆட்டங்கள் எத்தனை என்று எனக்குக் கணக்குக்கூடத் தெரியாது. ஊரெல்லாம் பீற்றிக்கொண்ட வெற்றிகள். அதில் எத்தனை என்னுடையவை? அந்த நினைப்பு வந்ததும் கோபம் அவர்மேலேயே திரும்பியது.

"பொறும் எண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே. நான் என்ன பேயா? வாயைத் திறந்தா விழுங்கிப் போடுவனா?"

அவர் மோட்டார்சைக்கிளில் ஏறி உட்கார்ந்தார். திறப்பைப் போட்டார், ஆனால் ஸ்டார்ட் செய்யவில்லை. சரி, இனிப் பேசமாட்டார் என்று நான் ஹெல்மெட்டைப் பறித்துத் தலையில் மாட்டப் போனேன்.

"வீடும் அப்பிடித்தான்," என்றார்.

எந்த வீடு என்று கேட்கவில்லை. எங்களுக்கு இருந்தது ஒரு வீடுதான். பாலையூற்றில் அவருடைய அப்பா கட்டியது. போன தை மாதம் விற்றுவிட்டு, என் கந்தோருக்குக் கிட்ட என்று நகரத்தில் வாடகைக்கு வந்தோம். ஒரு காலை அவர் தேத்தண்ணீர் குடித்துக்கொண்டிருக்கும்போதுதான் விற்போமா என்று கேட்டேன். அவர் தலையைச் சரித்துக் கோப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் ஃபோனை எடுத்து, வீட்டை விலைக்குக் கேட்டிருந்தவருக்குச் சரியென்று சொல்லிவிட்டேன். றெக்சனுக்கும் முழுச் சம்மதம் என்றுதான் அன்றிலிருந்து எல்லாரிடமும் சொல்லிக்கொண்டு திரிகிறேன்.

"அண்டைக்கு என்ன சொல்ல இருந்தனீங்கள்?"

"வேண்டாம் எண்டு," என்றார்.

பிறகாவது சொல்லியிருக்கலாமே என்று கத்த வாயெடுத்தேன். ஹெல்மெட்டின் மேல் தட்டப்போன விரலை மடக்கிக்கொண்டேன். றெக்சன் எஞ்சினைத் தொடாமல், இரண்டு காலையும் நிலத்தில் ஊன்றி, என் முகத்தைப் பார்த்துக்கொண்டு காத்திருந்தார்.