மாயாண்டியின் கதவும் மூன்று உதைகளும்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன், இந்தக் கதை ஒரு கதவிலிருந்து வந்தது. ஷார்ஜா தொழில்பேட்டையில் காரை கராஜில் விட்டுவிட்டு, பக்கத்து டீக்கடைக்குப் போனேன். தகரக் கடைக்குச் சற்றும் பொருந்தாமல் ஓர் ஐரோப்பியக் கிராமத்து வீட்டுக் கதவு. அதில் மூன்று பூட்ஸ் தடங்கள்.

"நான் செஞ்சது சார்" என்றார், டீ குடித்துக்கொண்டிருந்த மாயாண்டி.*

2

'அந்நியப் படை ஊருக்குள் புகுந்த அந்தக் கடுங்குளிர்க் காலத்தில், ரொட்டிக்கடைக்காரர் வீட்டில்...'

[வேண்டாம். வெளியே நாற்பத்தாறு டிகிரி.]

மறுபடியும். மாயாண்டி ஷட்டரிங் கார்பெண்டர். கான்கிரீட் கொட்டப் பலகை அடிப்பவர். காசில்லாத ஐரோப்பியப் படக்குழு ஒன்று இங்கே குடோன் பிடித்துப் போர்க்காலத் தெரு போட்டபோது, கதவு வேலை அவருக்கு வந்தது. படத்தின் கடைசியில் பெயர் போடுவதாக இயக்குநர் இல்சா வாக்குக் கொடுத்திருந்தார். அதை மாயாண்டி ஊரிலிருக்கும் மனைவி மாரியம்மாளிடம் போனில் சொல்ல, அவர் தெரு முழுக்கச் சொல்லிவிட்டார்.

(எந்த நாட்டுப் படம் என்று கேட்டேன். "குளுர்ற ஊரு சார்.")

3

"பட்டாளத்தான் வந்து கதவ உதைப்பான், பாத்துச் செய்யுங்க" என்றிருக்கிறார் சூப்பர்வைசர் ஃபாரூக். சைட்டில் பலகை அடித்து முடித்ததும் ஃபோர்மேன் வந்து ஓங்கி உதைப்பார். அசைந்தால் பிரித்து மறுபடி அடிக்க வேண்டும். இருபது வருஷம் அப்படியே வேலை பார்த்தவருக்கு வேறெப்படிப் புரியும்? கூடுதலாக இரண்டு குறுக்குச் சட்டம் போட்டுவிட்டார்.

கேமரா ஓடியது. பட்டாளத்தான் உதைத்தான். மறுபடி உதைத்தான். மூன்றாவது உதையில் அவனே மல்லாந்தான். மாயாண்டி பூரித்துப்போய்க் கைதட்டினார்.

4

"மாயாண்டி பாய், உடையிறதுக்குத்தான் கதவே! பின்னால அறுத்து விடுங்க, ஜல்தி!" என்று கத்தினார் ஃபாரூக்.

வேறு கதவு இல்லை. சாயங்காலம் குடோனைக் காலி செய்ய வேண்டும். காட்சி போனால் படம் போச்சு, பெயரும் போச்சு. ரம்பத்தோடு பின்பக்கம் போனார். அங்கே படத்தில் ரொட்டிக்கடைக்காரரின் மனைவியாக நடித்தவர், துணியில் சுற்றிய பொம்மையை அணைத்தபடி ஒடுங்கி உட்கார்ந்திருந்தார்.

"கைப்புள்ளையோட ஒரு அம்மா ஒளிஞ்சிருக்கு பாய். நான் எப்படி அறுப்பேன்?"

ஃபாரூக் தலையில் அடித்துக்கொண்டே அதை இல்சாவுக்கு மொழிபெயர்த்தார்.

5

முடிவு ஒன்று: மாயாண்டி அறுத்தார். கதவு பிளந்தது. [பொய். முழுக்கதவு என் கண்ணெதிரே நிற்கிறது.]

முடிவு இரண்டு: இல்சா விழுந்து விழுந்து சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுத் திரைக்கதையின் கடைசிப் பக்கத்தைக் கிழித்தார். பட்டாளத்தான் உதைத்து உதைத்துச் சலித்துத் திரும்பிப் போகிறான்; பிள்ளை பிழைக்கிறது. இதுதான் நடந்தது என்கிறார் மாயாண்டி. "'யல்லா, எடுங்க'ன்னுச்சு சார் அந்த டைரக்டரம்மா. எனக்கு அழுகையே வந்துருச்சு."

நம்புகிறேன். நம்பப் பிடித்திருக்கிறது.

படம் இன்னும் வரவில்லை. மாரியம்மாளின் தெரு காத்திருக்கிறது. கடைசியில் பெயர் வருமா? அதை நீங்கள்தான் எழுத வேண்டும். என் பங்குக்குப் பலகை அடித்து முடித்துவிட்டேன். ஓங்கி உதைத்துப் பாருங்கள். அசைந்தால் சொல்லுங்கள், பிரித்து மறுபடி அடிக்கிறேன்.

* படப்பிடிப்பு முடிந்ததும் கதவை அவருக்கே கொடுத்துவிட்டார்கள். தொழிலாளர் கேம்ப் ரூமில் அதை வைக்க இடமில்லை; டீக்கடைக்கு வந்துவிட்டது.