சத்தம் போடாத அக்கா

சிங்காரவேலுவுக்கு நைட் ஷிஃப்ட் வந்துவிட்டால் அந்தக் குவார்ட்டர்ஸில் பகல் முழுக்க ஒரு பாத்திரம் உரசக் கூடாது. நிலக்கரி மைன்ஸில் கன்வேயர் பெல்ட்டின் இரைச்சலை இரவெல்லாம் காதில் வாங்கிக்கொண்டு வருகிற மனுஷனுக்கு வீட்டில் ஒரு கரண்டி விழுந்தாலும் பொறுக்காது. கத்த மாட்டார். எழுந்து வந்து கதவோரம் நின்று பார்ப்பார், அவ்வளவுதான். அந்தப் பார்வைக்கு அஞ்சியே அவர் மனைவி தமயந்தி சத்தமில்லாமல் குடித்தனம் நடத்தப் பழகிக்கொண்டாள். சிவகங்கைப் பக்கம் கூட்டுக் குடும்பத்தில் வாய் ஓயாமல் பேசி வளர்ந்தவள் அவள்.

மகள் எழில்மதி இருந்தவரை அது பெரிதாகத் தெரியவில்லை. அம்மாவும் மகளும் அடுப்படியில் உட்கார்ந்து கிசுகிசுத்தே பொழுதைப் போக்கிவிடுவார்கள். பத்தாம் வகுப்பு முடிந்ததும் அவளை நாமக்கல்லில் விடுதியோடு இருக்கிற பள்ளிக்கூடத்தில் சேர்த்தார்கள். அங்கே போனுக்கு அனுமதி கிடையாது. ஞாயிற்றுக்கிழமை வார்டன் கண் முன்னால் கொஞ்ச நேரம் பேசலாம். அதனால் எழில்மதியின் போன் வீட்டிலேயே தங்கிவிட்டது.

இரண்டாயிரத்துப் பதினெட்டு அது. ஊரெல்லாம் நெட் மலிந்து கிடந்த காலம். யூடியூபில் எங்கே பார்த்தாலும் சேலஞ்ச் வீடியோதான். "அடுத்து நான் என்ன செய்யணும், கமெண்ட்ல சொல்லுங்க" என்று ஒருவர் கேட்பார். முகம் தெரியாத ஆயிரம் பேர் ஆளுக்கொன்று சொல்வார்கள். எதற்கு லைக் அதிகமோ அதை அவர் செய்துகாட்ட வேண்டும். எழில்மதியும் விடுமுறையில் 'எழில் கார்னர்' என்று ஒரு சேனல் ஆரம்பித்து, அம்மாவின் கையை மட்டும் காட்டி ஒரே ஒரு வீடியோ போட்டிருந்தாள். கண்ணைக் கட்டிக்கொண்டு மல்லிகை தொடுக்கிற வீடியோ.

மகள் போன மறு வாரம், ஒரு வெறிச்சோடிய முற்பகலில், தமயந்தி அந்தப் போனைத் திறந்தாள். வீடியோவுக்குக் கீழே யாரோ எழுதியிருந்தார்கள்: "அக்கா கை என்னா வேகம்! அடுத்து ஒரே கையால தொடுக்க முடியுமா?"

அவளிடம் ஒருவர் ஒன்றைக் கேட்டு எத்தனை நாளாயிற்று! சாப்பாடு ஆச்சா, சட்டை எங்கே என்பதெல்லாம் கேள்வியா? அன்றைக்கே அரும்பு வாங்கி, ஒற்றைக் கையால் தொடுத்து, வீடியோவாகப் போட்டாள். உள்ளே அவர் தூங்கிக்கொண்டிருந்ததால் ஒரு வார்த்தை பேசவில்லை. பார்த்தவர்களுக்கு அந்த மௌனமே பிடித்துப்போனது. 'சத்தம் போடாத அக்கா' என்று பேர் வைத்தார்கள்.

பிறகு ஒன்றன்பின் ஒன்றாக வந்தது. தோசையில் மயில் ஊற்றுங்கள் என்றார்கள். ஊற்றினாள். பச்சை மிளகாயைக் கடித்துவிட்டுக் கை நடுங்காமல் ஊசியில் நூல் கோக்கச் சொன்னார்கள். கண்ணில் நீர் வழிய வழியக் கோத்தாள். வீட்டிலிருக்கிற எவர்சில்வர் டம்ளர் அத்தனையையும் சத்தம் வராமல் கோபுரமாக அடுக்கச் சொன்னார்கள். பக்கத்து அறையில் சிங்காரவேலு குறட்டை விட, மூச்சைப் பிடித்துக்கொண்டு அடுக்கினாள். இடையில் குறட்டை நின்றபோது அவள் கை அந்தரத்தில் அப்படியே நின்றது. மறுபடி குறட்டை கேட்ட பிறகுதான் அடுத்த டம்ளர். அதைப் பார்த்தவர்கள் லட்சத்தைத் தாண்டினார்கள்.

காலையில் கண் விழிக்கும்போதே யாரோ தனக்காகக் காத்திருக்கிறார்கள் என்ற நினைப்பு வரும். அந்த நினைப்போடு எழுந்திருப்பது அவளுக்குப் புதிது. கணவரிடம் சொல்லவில்லை. மறைக்க வேண்டும் என்றில்லை. அவர் கேட்கவில்லை.

கார்த்திகை மாதத்தில்தான் அந்த சேலஞ்ச் வந்தது.

"அக்கா, உங்க பேரு என்னன்னே எங்களுக்குத் தெரியாது. அடுத்த வீடியோல உங்க வீட்டுக்காரர் வாயால உங்க பேரை நாங்க கேக்கணும். ஒரு தடவை போதும். ஆனா நீங்க கேட்டு வாங்கக் கூடாது. அவரா கூப்பிடணும்."

மளமளவென்று லைக் விழுந்தது. இதென்ன பெரிய காரியம், மிளகாய் கடித்தவளுக்கு இது ஒரு சேலஞ்சா என்று சிரித்துக்கொண்டே 'சரி' என்று பதில் போட்டாள். போட்ட பிறகுதான் யோசித்தாள். அவர் எப்போது கடைசியாகத் தன் பேரைச் சொன்னார்?

"இந்தா" என்பார். "ஏய், இங்க பாரு" என்பார். ஊருக்குப் போனில் பேசினால் "வீட்ல" என்பார். மகள் பிறந்த பிறகு "எழில் அம்மா". கல்யாணமான புதிதில் சொல்லியிருப்பாரோ? எவ்வளவு தோண்டியும் ஒன்றும் அகப்படவில்லை.

மறுநாளிலிருந்து போனைப் பருப்பு டப்பாவுக்குப் பின்னால் சாய்த்து வைத்துவிட்டுக் காத்திருந்தாள். அவர் குளிக்கப் போகும்போது துண்டை வேண்டுமென்றே எடுத்து வைக்காமல் விட்டாள். கூப்பிட்டுத்தானே ஆக வேண்டும்? "இந்தா, துண்டு!" என்று வந்தது. கூப்பிட்டும் கேட்காதவள்போல் கொல்லையில் நின்றுகொண்டாள். அவர் இரண்டு தரம் "ஏய்" என்றார். பிறகு தானே போய் எடுத்துக்கொண்டார். தன் சித்தி மகள் ஜானகியம்மாளின் பேச்சை எடுத்து, "எங்க வீட்ல எல்லாருக்கும் பழைய காலத்துப் பேரா வெச்சுட்டாங்க, இல்லீங்க?" என்று கேட்டுப் பார்த்தாள். "ம்" என்றார், செய்தித்தாளிலிருந்து கண்ணை எடுக்காமல்.

கீரை விற்க முத்தாண்டிக்குப்பத்திலிருந்து வருகிற வீராயியிடம் ஒரு நாள் கேட்டாள். "உங்க வீட்டுக்காரர் உங்கள என்ன சொல்லிக் கூப்பிடுவாரு?"

"எங்கூட்டு ஆளா? நல்லா கேட்டீங்க போங்க. சாயங்காலமானா குடிச்சிக்கினு வந்து, வீராயி வீராயின்னு தெருவே கேக்கறாப்ல கத்திக்கினு நிப்பாரு. மானமே போவுது!" என்று கூடையைத் தூக்கினாள் வீராயி. தமயந்திக்கு அவள் மேல் பொறாமையாக இருந்தது. அப்படிப் பொறாமைப்பட்டதை நினைத்து அன்று முழுக்கக் கூச்சமாகவும் இருந்தது.

கமெண்டில் அவசரப்படுத்தினார்கள். "என்ன அக்கா, இன்னும் ஆகலையா?" "அக்கா ஜகா வாங்கிட்டாங்க."

செகண்ட் ஷிஃப்ட் வாரம். சிங்காரவேலு மதியச் சாப்பாட்டை முடித்துவிட்டுக் கிளம்ப வேண்டும். ஹாலில் தட்டின் முன்னால் உட்கார்ந்திருந்தார். தமயந்தி வடகம் பொரித்துக்கொண்டே, அடுப்புக்கு மேல் பலகையிலிருந்த போனில் வீடியோவைத் தட்டிவிடக் கையை நீட்டினாள். முழங்கை வாணலிக் காதில் இடித்தது. கொதிக்கிற எண்ணெய் மணிக்கட்டில் கொட்டி வழிந்தது. அலறிவிட்டாள். அந்த வீட்டில் அவள் குரல் அத்தனை உரக்க எழுந்ததே இல்லை.

சாப்பாட்டுக் கையோடு ஓடி வந்தார். அடுப்பை அணைத்தார். குழாயைத் திறந்து அவள் கையைப் பிடித்துத் தண்ணீரில் வைத்தார். பிறகு வண்டியில் ஏற்றிக்கொண்டு டவுன்ஷிப் ஆஸ்பத்திரிக்கு விரட்டினார். அந்த அவசரத்தில் கம்பெனி கொடுத்த மெடிக்கல் புத்தகத்தை எடுத்துவரத் தோன்றவில்லை.

சீட்டு கொடுக்கிற கவுன்ட்டரில் கண்ணாடிக்குப் பின்னால் ஒரு இளைஞன் உட்கார்ந்திருந்தான். சுற்றிலும் ஒரே கூட்டம், இரைச்சல்.

"புக் இல்லைன்னா பேஷன்ட் பேரச் சொல்லுங்க சார்."

"தமயந்தி."

"கேக்கல சார்."

"தமயந்திங்க."

"வசந்தியா?"

சிங்காரவேலு குனிந்து, கண்ணாடி ஓட்டையில் வாயை வைத்து, ஊருக்கே கேட்கிற மாதிரி சொன்னார்: "த-ம-யந்தி!"

பெஞ்சில் உட்கார்ந்திருந்த நாலைந்து பேர் திரும்பிப் பார்த்தார்கள். கை எரிச்சலிலும் தமயந்திக்கு உடம்பு ஒரு முறை சிலிர்த்தது. அவர் வாயில் அந்தப் பேர் கொஞ்சம் அந்நியமாக, யாரோ ஒருத்தியுடையதுபோல இருந்தது. நல்லாவும் இருந்தது.

"வயசு?"

அவர் திரும்பி அவளைப் பார்த்தார்.

"முப்பத்தெட்டு" என்றாள் அவள்.

கட்டுப் போட்டுக்கொண்டு வீடு திரும்பியபோது வெயில் தாழ்ந்திருந்தது. அவர் அன்றைக்கு லீவு சொல்லிவிட்டார். தானே பால் காய்ச்சிக் காப்பி போட்டுக் கொண்டுவந்து வைத்தார். சர்க்கரை அதிகம். அவள் கடைசிச் சொட்டுவரை குடித்தாள். டம்ளரை வைத்துவிட்டு மெதுவாகக் கேட்டாள்.

"இன்னிக்கு என் பேர மூணு தடவ சொன்னீங்க, கவனிச்சீங்களா?"

"பேரச் சொல்லாம எப்படி சீட்டு போடுவான்?" என்றார். கேள்வி அவருக்கு விளங்கவில்லை. பிறகு, "வலி எப்படி இருக்கு?" என்று கேட்டார்.

"பரவால்லீங்க."

"மாத்திரைய மறந்துராத" என்று சொல்லிவிட்டுப் படுக்கப் போனார்.

போன் அடுப்படியிலேயே இருந்தது. எடுத்துப் பார்த்தாள். அவள் விரல் பட்டு ஓட ஆரம்பித்த வீடியோ, போனில் இடம் நிறைகிறவரை ஓடியிருந்தது. தொடக்கத்தில் அவள் அலறல். அடுத்து அவர் குரல்: "என்னாச்சு? ஏய், என்னாச்சு? இந்தா, கையக் காட்டு!" பதறிப்போன குரல்தான், அழுதுவிடுவார்போல. அதிலும் பேர் இல்லை. கதவைப் பூட்டுகிற சத்தத்துக்குப் பிறகு வெறும் அடுப்படி. சொட்டுகிற குழாய். ஜன்னல் வெளிச்சம் சுவரில் கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்துகொண்டிருந்தது. தான் இல்லாத தன் வீட்டை அவள் முதல் முறையாகப் பார்த்தாள். இருக்கும்போது எப்படி இருக்குமோ அப்படியேதான் இருந்தது.

அலறலையும் அவர் குரலையும் வெட்டிவிட்டு மீதியில் கொஞ்சத்தைப் போட்டாள். கீழே, "தோத்துட்டேன்" என்று மட்டும் எழுதினாள். ஆஸ்பத்திரிக் கதையை எழுதவில்லை. எழுதினால் யார் நம்புவார்கள்? நம்பினாலும், கவுன்ட்டர் பையனுக்குச் சொன்னதை எந்தக் கணக்கில் சேர்ப்பது?

"ஒண்ணுமே இல்லையே அக்கா." "வெறும் கிச்சன்." "போர்." ஒருத்தி மட்டும், "எங்க வீட்லயும் இப்டித்தான் அக்கா" என்று எழுதியிருந்தாள். தமயந்தி அவளுக்குப் பதில் எழுத உட்கார்ந்தாள். இரண்டு வரி அடித்து, அழித்துவிட்டு, ஒரு லைக் போட்டாள்.

கை ஆறுவதற்குள் ஜனங்கள் நகர்ந்துவிட்டார்கள். அதே சேலஞ்சைக் கோயம்புத்தூரில் ஒரு இளம் ஜோடிக்குக் கொடுத்தார்கள். அந்தப் பெண் கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொள்ள, புருஷன் அறை அறையாகப் போய், "கீர்த்தனா... ஏ கீர்த்து, எங்க இருக்க?" என்று கூப்பிட்டுக்கொண்டே தேடினான். அவன் கண்டுபிடித்ததும் இருவரும் சிரித்த சிரிப்பு போனை மீறிக் கேட்டது.

தமயந்தி சத்தத்தை முழுக்கக் குறைத்துவிட்டு, அதை இன்னொரு முறை பார்த்தாள். பக்கத்து அறையில் அவர் புரண்டு படுத்தார்.