வென்லாக் பூட்டிய வழி

சைலஸ் வென்லாக் இங்கிலாந்தின் லட்லோவில் வக்கீல். ஊரில் அறுநூறு ஏக்கருக்குச் சொந்தக்காரர். பழைய பத்திரங்களைப் புரட்டியபோது, தன் புல்வெளி நடுவே தேவாலயத்துக்கும் அதையொட்டிய கல்லறைக்கும் போகும் ஒற்றையடிப் பாதை எந்த எழுத்திலும் இல்லை என்று கண்டுபிடித்தார். மறுவாரமே கேட் போட்டுப் பூட்டினார். சுற்றிப் போகும் சாலையோ ஆற்று வெள்ளத்தில் முழுகிக் கிடந்தது.

நவம்பரில் வேலி கட்டும் ஜேபஸ் பார்டோ செத்துப்போனான். ஆறு பேர் சவப்பெட்டியைச் சுமந்துகொண்டு கேட்டுக்கு வந்தார்கள். முன்னால் அவன் மனைவி ஹெஸ்டர். கேட்டுக்கு உள்ளே வென்லாக் நின்றார்.

"தெறந்து விடுங்கய்யா. இந்த வேலியெல்லாம் அவரு கட்டினதுதான்."

"பொணம் போன வழி ஊர் வழின்னு நாளைக்கே சொல்லுவீங்க. சட்டம் எடம் கொடுக்காது, ஹெஸ்டர்."

"அப்ப அந்தச் சட்டமே தூக்கிட்டுப் போகட்டும்."

அவள் கை காட்டினாள். பெட்டியைக் கேட்டோரம் இறக்கி வைத்துவிட்டு எல்லோரும் போய்விட்டார்கள்.

மழை வந்தால் ஓடி வருவார்கள் என்று வென்லாக் சிரித்துக்கொண்டார். மழை வந்தது. யாரும் வரவில்லை. பாதிரியாருக்கு ஆளனுப்பினார், அவருக்கு ஜலதோஷமாம்.

மறுநாள் ஜன்னலைத் திறந்தால், எதிர் வேலியோரம் பத்துப் பேர் நின்றார்கள். பேச்சில்லை. வீட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அதற்கடுத்த நாள் நாற்பது பேர். சமையல்காரி சொல்லாமல் கிளம்பிப் போயிருந்தாள்.

"அந்தப் பெட்டிய வண்டில ஏத்துடா" என்றார் வண்டிக்காரன் டாப்ஸ்காட்டிடம்.

"குதிரையே அந்தப் பக்கம் வர மாட்டேங்குதுங்கய்யா. எனக்கு மட்டும் உயிர் இல்லையா?" லாயச் சாவியை மேஜைமேல் வைத்துவிட்டு அவனும் போனான்.

வென்லாக் வழக்கு எழுத உட்கார்ந்தார். எதிரிகள் என்று எழுதிய இடத்தில் பேனா நின்றது. யார் பேரை எழுதுவது? ஊர் மொத்தத்தையுமா? வெளியே ஒருவர்கூட இருமவில்லை.

நாலாம் நாள் காலையில் தானே போய்ப் பூட்டைத் திறந்தார். வந்தவர்களில் ஐந்து பேர் குனிந்து பெட்டியைப் பிடித்தார்கள். ஆறாவது இடம் காலியாகவே இருந்தது. யாரும் நகரவில்லை. எல்லோரும் அவரைப் பார்த்தார்கள்.

அவர் தோள் கொடுத்தார். நனைந்த மரம் கழுத்தை அறுத்தது. ஈரப் புல்லில் பின்னால் வரும் காலடிகள் மட்டும் கேட்டன. திரும்பிப் பார்க்கத் துணிவில்லை.

மண் தள்ளி முடிந்ததும் ஹெஸ்டர் கிட்டே வந்தாள். குரலில் கோபமே இல்லை.

"உங்களுக்குப் புள்ளகுட்டி இல்ல. ஒரு நாளு உங்களத் தூக்கவும் ஆறு பேரு வேணுமேய்யா. யாருன்னு யோசிச்சு வைங்க."

அந்தக் குளிர்காலம் முழுக்க வென்லாக் வீட்டு வேலைக்கு ஒரு ஆளும் வரவில்லை. தினமும் ஜனங்கள் அவர் புல்வெளி வழியே போனார்கள், வந்தார்கள். கும்பிடு கிடையாது, வசவு கிடையாது. கணப்படுப்பில் தானே விறகு அடுக்கக் கற்றுக்கொண்ட வென்லாக், ஜன்னல் திரையை இழுத்து மூடிவிட்டு, உள்ளே அந்த ஆறு பேரை விரல் விட்டு எண்ணிக்கொண்டிருந்தார். இரண்டுக்குமேல் போகவில்லை.