எய்கிச்சியின் புத்தாண்டு அட்டைகள்

நில அளவைக்காரர்கள் தரையில் இழுத்த சிவப்புக் கோடு எய்கிச்சியின் கட்டிலுக்கு அடியில் நுழைந்து மறுபக்கம் வெளியே வந்தது. தலை அவருடைய நிலத்தில், கால்கள் நகராட்சி நிலத்தில். பக்கவாதம் வந்து இரண்டு வருடமாக அசையாத கால்கள்.

"பாத்தீங்களா ஓகுரா தம்பி, இவரு படுத்துக்கிட்டே எல்லை தாண்டிட்டாரு" என்று அவர் மனைவி சுமியே அக்கா என்னைப் பார்த்துச் சிரித்தார்.

நான் நகராட்சியின் நிலப் பிரிவில் எழுத்தர். கோட்டுக்கு அப்பாலுள்ள நகராட்சி இடம் தூர்ந்துபோன பழைய வாய்க்கால். இருபத்துமூன்று வருடங்களுக்கு முன் எய்கிச்சி அதன்மேல் இந்த அறையைக் கட்டினார். இப்போது சாலையை அகலப்படுத்த அறையை இடிக்கச் சொல்கிறார்கள். கைவிடப்பட்ட அரசு நிலமானாலும், தன்னுடையது என்ற எண்ணத்தோடு இருபது வருடம் தகராறில்லாமல் அனுபவித்தவர் அதற்கு உரிமை கோரலாம். அக்கா வழக்குப் போட்டார். அந்தக் கட்டில் நுழைய வீட்டில் வேறு அறை இல்லை. அறை போனால் எய்கிச்சியை மலைக்கு அப்பால் இருக்கும் காப்பகத்தில் விட வேண்டும்.

அறை அத்தனை பழையது என்று காட்ட அக்காவிடம் ஒரு காகிதமும் இல்லை. என்னிடம் இருந்தது. நோயில் விழும்வரை எய்கிச்சி ஒவ்வொரு புத்தாண்டுக்கும் எங்கள் பிரிவுக்கு வாழ்த்து அட்டை அனுப்புவார். நிலப் பிரிவுக்கு வேறு யார் வாழ்த்து அனுப்புகிறார்கள்? இருபத்தொரு அட்டைகளையும் பிஸ்கட் டப்பாவில் சேர்த்து வைத்திருந்தேன். வழக்கு தொடங்கியதும் ஒரு நாள் காலை கோயிலில் கும்பிட்டுவிட்டு, அவற்றை நகராட்சி வழக்கறிஞர் நாகமியிடம் கொடுத்தேன். உண்மையைப் பார்த்தால் நகராட்சியே விட்டுக்கொடுக்கும் என்று நம்பினேன்.

நாகமி ஒவ்வொன்றாகப் படித்தார். "இதையா சார் இத்தனை நாளா பிஸ்கட் டப்பால வச்சிருந்தீங்க?"

நீதிமன்றத்தில் ஓர் அட்டையை எடுத்துப் படித்தபோது அவர் குரலை உயர்த்தவே இல்லை. "'வாய்க்கால் மேல் கட்டிய அறையில் நலமாக இருக்கிறோம். உங்கள் நிலத்தைப் பயன்படுத்த இந்த வருடமும் அனுமதித்ததற்கு நன்றி.' உங்கள் நிலம்னு இவரே இருபத்தொரு தடவை எழுதியிருக்காரு."

நீதிபதி அக்காவைப் பார்த்தார்.

"மரியாதைக்கு எழுதினதுங்க" என்றார் அக்கா. "இடத்துல இருந்துக்கிட்டு ஒரு நன்றிகூட சொல்லாம எப்படிங்க இருக்கறது?"

நீதிபதி அதையும் குறித்துக்கொண்டார்.

நிலம் நகராட்சிக்கே என்று தீர்ப்பு வந்த அன்று தாழ்வாரத்தில் அக்கா என் முன்னால் இடுப்பு வளையக் குனிந்து வணங்கினார். "அவரு கையெழுத்தை இவ்வளவு பத்திரமா வச்சிருந்தீங்களே, தம்பி. நானா இருந்தா ஒண்ணுகூட மிஞ்சியிருக்காது."

குத்தலாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். அன்பாகச் செய்த எதுவும் கெட்டுப்போகாது என்று அதுவரை நம்பியிருந்தேன். இப்போதும் நம்பத்தான் பார்க்கிறேன்.

எய்கிச்சியைக் காப்பகத்து வண்டி ஏற்றிச் சென்ற மறுநாள் காலை இடிக்க வந்தார்கள். நானும் அலுவலகத்தின் சார்பில் போயிருந்தேன். காலி அறையில் அக்கா முழங்காலிட்டுத் தரையைத் துடைத்துக்கொண்டிருந்தார். மூலைகளில் விரலை நுழைத்து, கட்டில் கால்கள் பதிந்த நான்கு குழிகளையும் தனித்தனியாகத் துடைத்தார்.

மேஸ்திரி வாசலில் நின்று தொண்டையைச் செருமினார். "ஆரம்பிக்கலாமாம்மா?"

"கொஞ்சம் இருங்க. ஈரமா இருக்கு, காயட்டும்."

மேஸ்திரி இயந்திரத்தை அணைக்கச் சொல்லிக் கை காட்டினார். நானும் மேஸ்திரியும் அவருடைய ஆட்களுமாக ஆறு பேரும் வாசலில் நின்றோம். ஜன்னல் பக்கத்திலிருந்து தரை மெல்லக் காய்ந்துகொண்டு வந்தது.